ரிச்சர்ட் சாவேஜ் கவிஞரா, புளுகுமூட்டையா?

கேள்வி: ஆங்கில எழுத்தாளர் சாமுவேல் ஜான்சன் 1744ல் எழுதிய வாழ்க்கை வரலாறு இல்லையென்றால் ஆங்கிலக் கவிஞரான இந்த ஆளை இன்று யாருக்குத் தெரியும்? பெரிய இடத்துப் பிள்ளை என்று கடைசிவரை சாதித்தாராமே, உண்மையா?

பதில்: மேக்கிள்ஸ்ஃபீல்டு சீமாட்டிதான் தாய் என்றார், அந்த அம்மா ஒத்துக்கொள்ளவே இல்லை. அதை விடுங்கள், 1727ல் லண்டன் காபிக்கடைத் தகராறில் ஒருவரை வாளால் குத்திக் கொன்று, தூக்குத் தண்டனை வாங்கி, மறுவருடம் மன்னிப்பில் தப்பினார். அப்புறம் இங்கிலாந்து ராணி கரோலின் வருடத்துக்கு 50 பவுண்டு கொடுத்தார். பணம் வந்ததும் ஆள் மாயம், தீர்ந்த பிறகுதான் தலைகாட்டுவார்!

பதில்: தங்க இடமில்லாமல் ஜான்சனோடு ராத்திரியெல்லாம் செயின்ட் ஜேம்ஸ் சதுக்கத்தைச் சுற்றி நடந்தாரே, எனக்கு அதுதான் மறக்காது.

பதில்: கவிஞர் அலெக்சாண்டர் போப் முதலான நண்பர்கள் பணம் போட்டு வேல்ஸுக்கு அனுப்பியும் பயனில்லை. 1743ல் பிரிஸ்டலில் கடனுக்காகச் சிறையில் இருந்தபோதே இறந்தார், அடக்கச் செலவு ஜெயிலர் கைக்காசு.