அய்யாவின் சிதம்பரம் காலேஜ் புத்தகங்கள்: எதை வைப்பது, எங்கே கொடுப்பது?

மேங்கோப்பு அறை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். கானாடுகாத்தானுக்குப் பக்கத்து ஊர் எங்களுக்கு. வீடு ஆறு பங்கு. மழைக்கு முன்னால் ஓடு மாற்றிவிடலாம் என்று வீட்டின் மேல்பகுதியான மேங்கோப்பில் ஒரு அறையை ஒழித்தபோது, பர்மாத் தேக்கில் செய்த பெட்டி ஒன்று கிடைத்தது. மேலே ரங்கூன் கடைப் பேரேடுகள், எலி கடித்தவை. அவற்றை எடுத்துவிட்டுப் பார்த்தால் அடியில் 61 புத்தகங்கள். எல்லாம் எங்கள் அய்யாவுடையவை, அப்பாவைப் பெற்றவர். நான் பிறப்பதற்கு முன்பே தவறிவிட்டார்கள். சிதம்பரத்தில் படித்தார்கள் என்று அப்பச்சி (எங்கள் பக்கம் அப்பாவை இப்படித்தான் சொல்வோம்) சொல்லும், இல்லை மெட்ராஸ்தான் என்று பெரியப்பச்சி சாதிக்கும். இரண்டு பேரும் இப்போது இல்லை. சண்டை மட்டும் இன்னும் தீரவில்லை.

கண்ணில் பட்டதைச் சொல்கிறேன். நீலகண்ட சாஸ்திரியார் ஆங்கிலத்தில் எழுதிய பாண்டியர் வரலாறு, 1929 பதிப்பு. முதுகுத் துணி கிழிந்து நூல் தொங்குகிறது. பண்டிதமணி கதிரேசச் செட்டியார் வடமொழியிலிருந்து மொழிபெயர்த்த நாடகம், மண்ணியல் சிறுதேர். பழந்தமிழ் இசை பற்றி விபுலாநந்த அடிகள் எழுதிய யாழ் நூல். சதாசிவ பண்டாரத்தாரின் பிற்காலச் சோழர் சரித்திரம் மூன்று பகுதியும். முதல் இரண்டில் அய்யாவின் கையெழுத்து, மூன்றாவதில் அப்பச்சியின் கையெழுத்து. ஸ்ரீ மீனாட்சி காலேஜ் என்று ஊதா மையில் நீள்வட்ட முத்திரை குத்திய இரண்டு ஆங்கிலப் புத்தகங்கள்.

அப்புறம் செங்கல் கனத்தில் ஐந்து ‘காலண்டர்’. அட்டையில் அப்படித்தான் போட்டிருக்கிறது, அண்ணாமலைப் பல்கலைக்கழகம் என்றும் இருக்கிறது. “போன வருஷத்துக் காலண்டரையே யாரும் வச்சுக்க மாட்டாக, இது தொண்ணூறு வருஷத்துக் காலண்டராம்ல” என்று பெரியாத்தா அவற்றைப் பழைய பேப்பர்க் கட்டோடு சேர்த்துவிட்டார்கள். அட்டை நன்றாக இருக்கிறதே என்று நான் எடுத்து வைத்தேன், அவ்வளவுதான்.

காரைக்குடியில் பழம்பொருள் வாங்கும் ஒருவர் வந்து பார்த்தார். எனாமல் தூக்குச் சட்டிகளை ஆசையாகத் தடவிப் பார்த்தார். புத்தகம் என்றதும் தராசைத்தான் தேடினார். தோல் முதுகு உள்ளதை மட்டும் தனி விலைக்குக் கேட்டார், ஓட்டல்காரர்கள் அலமாரியில் அழகுக்கு வைப்பார்களாம்.

இதில் எது முக்கியம், எங்கே கொடுக்கலாம், பூச்சிக்கு என்ன செய்வது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

அட்டவணைக்காரன் எழுதியது:

அம்மா, முதலில் அந்தக் காலண்டர்களைப் பேப்பர்க் கட்டுக்குப் பக்கத்தில்கூட வைக்காதீர்கள். அது தேதி கிழிக்கிற காலண்டர் இல்லை. பல்கலைக்கழகங்கள் ஆண்டுதோறும் அச்சிட்ட கையேட்டுக்கு அந்தப் பெயர். சட்டதிட்டங்கள், எந்த வகுப்புக்கு எது பாடநூல், ஆசிரியர்கள் யார் யார், அறக்கட்டளைப் பரிசுகள் என்ன, எல்லாம் அதில் இருக்கும்.

நான் முப்பது வருடம் ஒரு கல்லூரி நூலகத்தில் இருந்தவன். பார்க்க வருகிறவர்கள் எல்லாம் ‘அரிய நூல் என்ன இருக்கிறது’ என்று கேட்பார்கள். ஆராய்ச்சி மாணவர்கள் மட்டும், குறிப்பிட்ட ஆண்டில் தமிழுக்கு என்ன பாடம் இருந்தது என்று ஒரு தாளைத் தேடி ஊர் ஊராக அலைவார்கள். பாண்டியர் வரலாறு எத்தனையோ நூலகங்களில் கிடைக்கும். இந்தக் காலண்டர்களைத் தொடர்ச்சியாக நான் கண்டது அபூர்வம். வருடம் முடிந்ததும் எல்லா இடத்திலும் உங்கள் பெரியாத்தா செய்ததைத்தான் செய்திருக்கிறார்கள்.

உங்கள் வீட்டுச் சண்டைக்கும் ஒரு வழி சொல்கிறேன். அண்ணாமலைச் செட்டியார் சிதம்பரத்தில் மீனாட்சி கல்லூரியைத் தொடங்கியது 1920-இல். பல்கலைக்கழகம் ஆனது 1929-இல்தான். அதுவரை அது சென்னைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்த கல்லூரி. அதாவது, படிப்பது சிதம்பரத்தில், பட்டம் வருவது மெட்ராஸிலிருந்து. பெட்டியில் சர்டிபிகேட் ஏதாவது மடித்துக் கிடக்கிறதா என்று பாருங்கள். புத்தகத்துக்குள்ளேயும் பாருங்கள், அந்தக் காலத்தில் அதுதான் பீரோ.

நீலகண்ட சாஸ்திரியார் 1920 முதல் 1929 வரை அந்தக் கல்லூரியின் முதல்வர். 1924 முதல் 1927 வரை அதே சிதம்பரத்தில் தனியாக இருந்த மீனாட்சி தமிழ்க் கல்லூரிக்கு உ.வே.சா. முதல்வர். உங்கள் அய்யா எந்த வருடம் என்று தெரிந்தால், யார் பாடத்தைக் கேட்டிருப்பார் என்று ஊகிக்கலாம். ஆகவே ஓரக் குறிப்புகளைத் தேடுங்கள். பென்சிலில் ஒரு வரி இருந்தாலும் அந்தப் பிரதி வேறு.

சோழர் சரித்திரத்தில் கையெழுத்து மாறியதற்கும் காரணம் தெரிகிறது. முதல் பகுதி 1949, இரண்டாவது 1951, மூன்றாவது 1961. பண்டாரத்தார் 1960-லேயே காலமாகிவிட்டார். மூன்றாம் பகுதியை எழுதியவரும் அச்சில் பார்க்கவில்லை, உங்கள் அய்யாவும் பார்க்கவில்லை போல.

இன்னொன்று, வருத்தப்படாதீர்கள். முத்திரை குத்திய அந்த இரண்டில் நூலக வரிசை எண் எழுதியிருக்கிறதா? இருந்து, நீக்கப்பட்டது என்ற குறிப்பு இல்லை என்றால், அய்யா திருப்பித் தராத புத்தகமாக இருக்கலாம்.

சபை வாசல் எழுதியது:

எனக்கு மேலைச்சிவபுரி. பண்டிதமணி 1909-இல் சன்மார்க்க சபை தொடங்கிய ஊர். மகிபாலன்பட்டியில் பிறந்து பிறகு அதே சிதம்பரத்தில் பேராசிரியராக இருந்தவர், அதனால் மண்ணியல் சிறுதேர் உங்கள் பெட்டியில் இருப்பதில் ஆச்சரியமே இல்லை. நம்ம பக்கத்து வீடுகளில் பேரேடும் புத்தகமும் ஒரே பெட்டியில்தான் கிடக்கும்.

எங்கள் ஊர்த் தமிழறிஞர் வ.சுப. மாணிக்கமும் சிறுவயதில் ரங்கூனுக்குக் கடைவேலைக்குப் போனவர்தான். முதலாளி உள்ளே இருக்கும்போது இல்லை என்று சொல்லச் சொன்னதற்கு, பொய் சொல்ல மாட்டேன் என்று வேலையை இழந்து ஊருக்கு வந்தார். பண்டிதமணியிடம் பாடம் கேட்டார், பின்னாளில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலேயே தமிழ்த் துறைத் தலைவர் ஆனார். அவர் நூல் ஏதாவது கிடந்தால் சொல்லுங்கள்.

எல்லாவற்றையும் சென்னைக்கு அனுப்பிவிடாதீர்கள் என்பது என் கட்சி. எல்லாம் அங்கே போய்விட்டால் இங்கே படிக்கிற பிள்ளை என்னத்தைப் பார்க்கும்?

பைண்டிங் மேசை எழுதியது:

தேவகோட்டையில் பைண்டிங் வேலை பார்க்கிறேன், அப்பா காலத்திலிருந்து. பூச்சிக்குப் பதில் நான் சொல்கிறேன்.

தாளில் குண்டூசி குத்தினதுபோல அட்டையிலிருந்து அட்டைக்கு ஓட்டை போயிருந்தால் அது ராமபாணம். வழவழ அட்டை மேலாகச் சுரண்டினதுபோல இருந்தால் வெள்ளிப்பூச்சி, பசை தின்ன வருவது. புத்தகத்தை மேசையில் மெதுவாகத் தட்டுங்கள். புதிதாக மாவு கொட்டினால் பூச்சி உயிரோடு இருக்கிறது. அந்தப் புத்தகத்தை மட்டும் தனியாக எடுத்து, காற்றுப் புகாத பிளாஸ்டிக் பையில் கட்டி, பனிக்கட்டி உறைகிற ஃப்ரீசரில் ஒரு வாரத்துக்கு மேல் வைக்கலாம். எடுத்த உடனே பையைப் பிரிக்கக் கூடாது. ஒரு நாள் வெளியே கிடந்து சூடு சமமானபிறகு பிரியுங்கள், இல்லாவிட்டால் உள்ளே நீர் கோத்துக்கொள்ளும்.

முற்றத்து வெயிலில் வடகம் மாதிரிக் காய வைக்காதீர்கள். பழைய தாள் மொறமொறவென்று ஆகிவிடும். நிழலில், காற்றோட்டத்தில் போதும். செலோ டேப் வேண்டவே வேண்டாம்.

பைண்டிங்குக்குக் கொடுத்தால் ஒன்றை மட்டும் கறாராகச் சொல்லுங்கள்: ஓரம் வெட்டக் கூடாது. எங்கள் ஆட்களுக்கு மூன்று பக்கமும் சீவி நேராக்கினால்தான் கை அடங்கும். மேலே ஐயா சொன்ன பென்சில் குறிப்பெல்லாம் அந்தச் சீவலில்தான் குப்பைக்குப் போகும். நானே சின்ன வயதில் ஒருவருடைய புத்தகத்தில் அப்படிச் செய்திருக்கிறேன். அவர் கீழே கிடந்த சீவலைக் குனிந்து பொறுக்கினார்.

அட்டவணைக்காரன் எழுதியது:

பைண்டிங் மேசை சொன்னதற்கு வழிமொழிகிறேன். எங்கே கொடுப்பது என்பதை விட்டுவிட்டேன். கோட்டையூர் ரோஜா முத்தையாவை உங்கள் பக்கத்தில் தெரியாதவர்கள் இருக்க மாட்டார்கள். போர்டு எழுதிப் பிழைத்த மனிதர், வீடு நிறையப் புத்தகம் சேர்த்தார். 1992-இல் அவர் போனபின் சிகாகோ பல்கலைக்கழகம் அதை வாங்கி, வெளிநாட்டுக்குக் கொண்டுபோகாமல் சென்னையிலேயே நூலகமாக்கியது. காலண்டர்களை மின்படி எடுக்க அங்கே கேட்டுப் பாருங்கள். படி எடுத்தபின் மூலப் பிரதியை எங்கே வைப்பது என்பதில் சபை வாசல் சொல்வதையும் ஒதுக்க மாட்டேன்.

எங்கே கொடுத்தாலும், கொடுப்பதற்கு முன் ஒரு நோட்டில் எழுதுங்கள். தலைப்பு, ஆண்டு, யார் கையெழுத்து, உள்ளே என்ன செருகியிருந்தது. 61 புத்தகமும் ஒரே பெட்டியில் கிடந்தன என்பதே ஒரு செய்தி. பிரித்துக் கொடுத்துவிட்டால் அது போய்விடும்.

மேங்கோப்பு அறை எழுதியது:

சர்டிபிகேட் கிடைத்துவிட்டது! பாண்டியர் வரலாற்றின் பின் அட்டையில், நான்காக மடித்து, இரண்டு. இன்டர்மீடியட் 1928, சென்னைப் பல்கலைக்கழகம். பி.ஏ. 1933, அண்ணாமலைப் பல்கலைக்கழகம். நடுவில் ரங்கூன் போய் வந்திருக்கிறார்கள், பேரேட்டில் கணக்கு இருக்கிறது. அப்பச்சி சொன்னதும் சரி, பெரியப்பச்சி சொன்னதும் சரி. இதைப் பெரியாத்தாவிடம் சொன்னேன். “இதைத் தெரிஞ்சுக்காமலா நாற்பது வருஷம் ரெண்டு பேரும் பந்தியில எதிர் எதிரா உக்காந்தாக” என்றார்கள். இப்போது காலண்டர் ஐந்தும் அவர்கள் பெட்டகத்தில் இருக்கின்றன, கேட்டால்தான் தருகிறார்கள்.

அதில் ஒரு காலண்டரில், ஆசிரியர் பட்டியலில் விபுலாநந்தர் பெயருக்கு நேரே பென்சிலில் சின்னதாக ஒரு கோடு. முதலில் ஏதோ அடையாளம் என்று விட்டுவிட்டேன். பிறகு யாழ் நூலை எடுத்தால், 1947 பதிப்பு, முதல் பக்கத்தில் அதே பென்சில் எழுத்து: ‘எங்கள் ஆசிரியர்.’ படித்து முடித்துப் பதினான்கு வருடம் கழித்து வாங்கியிருக்கிறார்கள்.

மாவு கொட்டியவை நான்கு, பையில் கட்டி ஃப்ரீசரில் வைத்தாயிற்று. ஐஸ்கிரீமுக்கு இடமில்லை என்று வீட்டில் பிள்ளைகள் முணுமுணுக்கிறார்கள். நோட்டில் 23 வரை எழுதியிருக்கிறேன்.

அட்டவணைக்காரர் ஐயா, முத்திரை போட்ட இரண்டிலும் வரிசை எண் இருக்கிறது. நீக்கப்பட்டது என்று எங்கும் இல்லை. தொண்ணூறு வருடத்துக்கு அபராதம் எவ்வளவு வரும்?