பெரிய வீடு குழு: அக்காவின் மாறுதல் ஆணை

அக்கா: மாறுதல் ஆணை வந்துவிட்டது. நாலு மாவட்டம் தள்ளிப் போட்டிருக்கிறார்கள்.

அத்தை: அடக் கடவுளே! பையன் பிளஸ் டூ ஆயிற்றே?

தம்பி: கேஸ் போடு அக்கா. ட்ரிப்யூனலில் ஒரே நாளில் ஸ்டே வாங்கிவிடலாம்.

சித்தப்பா: அவசரப்படாதே. ட்ரிப்யூனல் என்பது அரசு ஊழியர் வழக்குகளுக்கான தீர்ப்பாயம். தமிழ்நாட்டில் மத்திய அரசு ஊழியர்களுக்குத்தான் இப்போது அது. நம் மாநிலத் தீர்ப்பாயத்தை 2006-லேயே கலைத்துவிட்டார்கள். மாநில அரசு ஊழியரான இவள் போவதென்றால் உயர் நீதிமன்றத்தில், அரசின் ஆணையை எதிர்க்கும் ரிட் மனுதான்.

மாமா: கணவன், மனைவி இரண்டு பேரும் அரசு வேலை என்றால் ஒரே ஊர் என்று விதி உண்டே?

சித்தப்பா: அது வழிகாட்டுதல் மாமா, உரிமை இல்லை. ஷில்லாங்கில் மனைவிக்கும் வேலை இருக்கிறது என்று ஒரு மத்திய அரசு ஊழியர் வாதாடினார். 1993-ல் உச்ச நீதிமன்றம் மாறுதலில் தலையிட மறுத்துவிட்டது. உள்நோக்கமோ சட்டவிதி மீறலோ காட்டினால்தான் கோர்ட் காது கொடுக்கும்.

அத்தை: பிள்ளை படிப்பு கூடவா காரணம் இல்லை?

சித்தப்பா: தள்ளிப்போட உதவும். 1994-ல் நம் பள்ளிக் கல்வித் துறை வழக்கிலேயே, பிள்ளைகள் படிக்கிறார்கள் என்று கல்வியாண்டு முடியும்வரை மாறுதலை நிறுத்திவைத்தார்கள். ரத்து செய்யவில்லை.

தம்பி: சரி, அதுவரை மெடிக்கல் லீவ் போட்டு வீட்டில் இருக்கட்டும்.

சித்தப்பா: அந்த யோசனையே வேண்டாம்! குஜராத் மின்வாரியத்தில் ஒருவர் கோரிக்கை மனு கொடுத்துவிட்டுப் புது இடத்தில் சேராமலே இருந்தார். வேலையே போனது. 1989-ல் உச்ச நீதிமன்றமும் அது சரி என்றது. ஸ்டே கையில் இல்லாமல் சேராதிருப்பது சூதாட்டம். அம்மாடி, உன்னை இப்போதைய இடத்திலிருந்து விடுவித்து ரிலீவ் பண்ணிவிட்டார்களா?

அக்கா: இன்னும் இல்லை சித்தப்பா. திங்கட்கிழமை என்கிறார்கள். ஆணையில் "நிர்வாக நலன் கருதி" என்றுதான் இருக்கிறது.

சித்தப்பா: அது எல்லா ஆணையிலும் இருக்கும். மேலே "பார்வை" என்று, ஆணைக்கு அடிப்படையான கடிதங்களைப் போட்டிருப்பார்களே, அதைப் படி. முப்பது வருஷம் கோப்பு எழுதியவன் சொல்கிறேன், விஷயம் அங்கேதான் ஒளிந்திருக்கும்.

அக்கா: பார்வை 1, முந்தைய ஆணை. பார்வை 2... "பெயரிடப்படாத புகார் மனு".

மாமா: போன வருஷம் வந்த மொட்டைக் கடிதமா? விசாரித்து ஒன்றுமில்லை என்று முடித்தார்களே!

சித்தப்பா: அதுதான் பிடி! மத்திய அரசு அதிகாரி ஒருவரை இப்படித்தான் மொட்டைக் கடிதத்தை வைத்து மாற்றினார்கள். விசாரணையில் எதுவும் நிரூபணமாகவில்லை. தண்டனைக்குப் பதிலாக மாறுதல் போட்டால் செல்லாது என்று 2009-ல் உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை ரத்து செய்தது.

தம்பி: அப்போ ஜெயித்துவிடலாமா?

சித்தப்பா: வாதாட இடம் இருக்கிறது, அவ்வளவுதான். முதலில் மேலதிகாரிக்கு மனு, ஒப்புகையோடு. கூடவே இன்றைக்கே வக்கீலைப் பார்க்க வேண்டும். ரிலீவ் ஆன பிறகு ஸ்டே கிடைப்பது கஷ்டம். விசாரணை முடிவு நகல் இருக்கிறதா?

அக்கா: அம்மா வீட்டு பீரோவில் வைத்தேன்.

அத்தை: சாவி என்னிடம். ஆறு மணிக்கு வா, எடுத்து வைக்கிறேன்.