அரங்கயாவைப் பார்த்தவர்கள், கேட்டவர்கள் இங்கே சொல்லுங்கள்

ஓசூர்க்காரன்:
அரங்கயா என்பது இலங்கைச் சீகாரப் பூங்குயில், அங்குள்ள மலைக்காட்டுப் பறவை. போன மாதம் இலங்கை மலைநாட்டில் இருக்கும் ஹோட்டன் சமவெளி போயிருந்தேன். இந்தப் பறவையின் பெயரையே கொண்ட அரெங்கா குளம், விடிந்தும் விடியாத நேரம். அரை மணி நேரம் ஒன்றும் வரவில்லை. கூட வந்த வழிகாட்டி போனில் அதன் குரலை ஓடவிட்டார். ஒரே நிமிடம்! புதருக்குள்ளிருந்து ஆண் பறவை பாய்ந்து வந்து ஈரப் பாறைமேல் உட்கார்ந்தது. கருத்த உடம்பு, தோளில் மட்டும் அந்த நீலம். படம் எடுத்துவிட்டேன். குரலை நிறுத்திய பிறகும் அது போகவில்லை. தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பித் தேடிக்கொண்டே இருந்தது. தன் இடத்துக்குள் புகுந்த இன்னொரு ஆணைத் தேடுகிறது என்று அப்புறம்தான் எனக்கு உறைத்தது. அந்தப் படத்தை இதுவரை யாருக்கும் அனுப்பவில்லை.

பென்னாகரம்:
அரை மணி நேரத்தில் பொறுமை போனதுதான் தப்பு. அதே குளத்தில் நான் இரண்டு விடியலும் ஒரு சாயங்காலமும் உட்கார்ந்தேன். பறவை கண்ணில் படவில்லை. கிளம்பும்போது ‘ஸ்ரீ’ என்று ஊசி மாதிரி ஒரு விசில், அவ்வளவுதான். ஏற்காட்டில் நாம் கேட்கும் சீகாரப் பூங்குயில், பையன் சீட்டியடிப்பதுபோல இழுத்துப் பாடும். அதை மனதில் வைத்துக்கொண்டு போனால் இந்தக் குரலைத் தவறவிட்டுவிடுவீர்கள். உலகத்திலேயே அந்த ஒரு தீவு, அதிலும் 900 மீட்டருக்கு மேலே, அடர்ந்த காட்டு ஓடையோரம் மட்டும்தான் அரங்கயாவுக்கு இடம். காப்பிக்கும் பிறகு தேயிலைக்கும் வெட்டியதுபோக மிஞ்சிய காடு அது. 1872இல் வைத்த அறிவியல் பெயரில் (blighi) இருக்கும் பிளை என்பவரும் காப்பித் தோட்டக்காரர்தான். அந்த மிச்சத்தில் போய் நாம் போனை வைத்து ஏமாற்றுவதா?

ஊத்தங்கரை:
நான் இலங்கைக்குப் போனதே இல்லை. அம்மா நுவரெலியா பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தவர், 1983 கலவரத்துக்குப் பிறகு இங்கே வந்து முகாமில் தங்கியவர். ஒரு நாள் யாரோ பதிவு செய்த இந்தக் குரலைப் போனில் கேட்டுக்கொண்டிருந்தேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்த அம்மா முறத்தைக் கீழே வைத்துவிட்டார். “பீலிக்கரையில விடியக்காலம் கேட்கும்டி இது. தண்ணிச் சத்தத்துக்கு மேல கேட்கும்” என்றார். பீலி என்றால் தோட்டத்தில் தண்ணீர் பிடிக்கும் இடம். பறவையா பூச்சியா என்றுகூட அவருக்குத் தெரியாதாம், ஒரு நாளும் கண்ணால் பார்த்ததில்லை. இன்னொரு தடவை போடச் சொன்னார். அப்புறம் அன்று முழுக்கப் பேசவில்லை. நான் போட்டிருக்கக் கூடாதோ என்று இன்றுவரை ஒரு உறுத்தல்.

தேன்கனிக்கோட்டை:
நானும் பார்த்திருக்கிறேன், பெண் பறவை, பழுப்பு நிறம், இரண்டு நொடி. அதை விடுங்கள். போகிறவர்கள் கவனிக்க வேண்டியது: ஸ்வெட்டர் கட்டாயம். வாசலில் பிளாஸ்டிக் உறைகளை வாங்கிக்கொள்வார்கள், சாப்பாட்டைத் துணியில் கட்டிக்கொண்டு போங்கள். வெளிச்சம் போதாது என்று ஃபிளாஷ் அடிக்காதீர்கள். காலை தப்பினால் இருட்டும் நேரம் போங்கள், நடுப்பகலில் போய்ப் பயனில்லை. குளத்தோரம் நடமாடாமல் ஒரே இடத்தில் உட்காருங்கள். அதைவிட, முதலில் நம் கிருஷ்ணகிரி மாவட்டத்துப் பாறைக் குன்றுகளுக்குப் போங்கள். மஞ்சள்தொண்டைச் சின்னான் என்ற பறவையை எத்தனை பேர் பார்த்திருக்கிறீர்கள்? தென்னிந்தியாவை விட்டால் அதற்கும் வேறு இடமில்லை. கிரானைட்டுக்காக வெடி வைத்துத் தகர்ப்பது அது வாழும் பாறைகளைத்தான். பென்னாகரம் அண்ணன் சொல்வது சரி, ஆனால் அந்தக் கோபம் இங்கேயும் வேண்டும்.

ஓசூர்க்காரன்:
பென்னாகரம் அண்ணா, தப்பு என்னுடையதுதான். ஊத்தங்கரை அக்கா, அந்தப் படத்தை அம்மாவுக்கு அனுப்பட்டுமா?

ஊத்தங்கரை:
அனுப்புங்கள் தம்பி. அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன் ஆகியிருக்கிறது. நான்கு நாள் போகட்டும், அப்புறம் காட்டுகிறேன்.