ம் கொட்டாமல் கதை கேட்பது: சுங்கை சிப்புட் அனுபவங்கள்

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் உள்ள சுங்கை சிப்புட்டில், தோட்டத்துப் பெரியவர்களின் பழைய நினைவுகளை டிவிக்குப் பேட்டி எடுக்கும் குழுவுக்கான குறிப்புகள் இவை.

கேள்வி கேட்பவர்:
நம்ம தோட்டத்துப் பெரியவங்களுக்கு ம் கொட்டினால்தான் கதை ஓடும். டிவிக்கு எடுக்கும்போது அந்த ‘ம்’ மைக்கில் ஏறி, பாட்டியின் சொல்லோடு ஒட்டிக்கொள்ளும். பிறகு பிரித்தெடுப்பது பெரும்பாடு. சும்மா இருந்தாலோ, இவனுக்குக் கேட்கப் பிடிக்கவில்லை என்று பாதியில் நிறுத்திவிடுவார். அதனால் கேமரா ஓடுவதற்கு முன்பே, “பாட்டி, நான் வாயால ம் சொல்ல மாட்டேன், தலையைத்தான் ஆட்டுவேன், நீங்க பாட்டுக்குச் சொல்லுங்க” என்று சொல்லிவிட வேண்டும். மெதுவாக ஆட்டுங்கள். வேகமாக ஆட்டினால் ‘சீக்கிரம் முடிங்க’ என்று அர்த்தமாகிவிடும்.

1948 ஜூன் 16 அன்று இங்கே வெள்ளைக்காரத் தோட்டத் துரைகள் மூவர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதையொட்டி, கம்யூனிஸ்ட் போராளிகளுக்கு எதிராகப் பிரிட்டிஷ் ஆட்சி கொண்டுவந்த அவசரகாலம் 1960 வரை நீடித்தது. அந்தக் காலத்தைப் பற்றிக் கேட்டால் உடனே பதில் வராது. சாதாரணப் பேச்சில் ஒருவர் முடித்து மற்றவர் தொடங்க ஏறக்குறைய 0.2 வினாடிதான் ஆகும். அதனால்தான் 2 வினாடி மௌனத்துக்கே நமக்குப் பதற்றம் வந்து, அடுத்த கேள்வியைப் போட்டுக் கெடுத்துவிடுகிறோம். மனசுக்குள் ஐந்து வரை எண்ணுங்கள். கையில் உள்ள தாளைப் பார்க்காதீர்கள். பார்த்தால் அந்தப் பேச்சு முடிந்தது என்று அவர் நினைத்துக்கொள்வார். பாட்டி தலை குனிவது மரியாதையாக இருக்கலாம், எதையோ மறைக்கிறார் என்று முடிவுகட்டாதீர்கள்.

கேமரா:
முகத்தை மட்டும் குளோசப்பில் பிடித்துக்கொண்டே இருக்காதீர்கள். பால்மரம் வெட்டியவர், அதாவது ரப்பர் மரப் பட்டையைச் சீவிப் பால் எடுத்தவர், வேலையைப் பற்றிப் பேசினால், இடமேலிருந்து வலக்கீழாகக் கை தானாகச் சாய்ந்து இழுக்கும், விரல்கள் கத்திப் பிடியைப் பற்றியது போலவே மடங்கியிருக்கும். வாய் நின்ற பிறகும் அந்தக் கை நிற்காது. இடுப்பு வரை பிரேம் வைத்தால்தான் அது கிடைக்கும். சட்டை மைக்கை மோவாய்க்கு ஒரு சாண் கீழே குத்துங்கள். முந்தானையும் தாலிச் சங்கிலியும் உரசினால் மௌனம் முழுக்கக் கரகரப்புதான்.

எடிட்டிங்:
பேட்டி முடிந்ததும் யாரும் எழுந்திருக்காமல், ஃபேனை நிறுத்திவைத்தபடியே, 30 வினாடி வெறும் அறைச் சத்தத்தைப் பதிவு செய்யுங்கள். இருமலையோ மோட்டார் சைக்கிளையோ வெட்டிய இடத்தில் அதைத்தான் நிரப்ப வேண்டும். சத்தமே இல்லாமல் விட்டால், பார்ப்பவர் டிவி கெட்டுவிட்டது என்று ரிமோட்டை எடுப்பார்.

4 வினாடி யோசித்துச் சொன்ன “ஆமா”வும் சட்டென்று சொன்ன “ஆமா”வும் ஒன்றல்ல. நம்ம டிவியில் வினாடிக்கு 25 பிரேம், அதாவது 25 படம்; 4 வினாடி என்றால் 100. நேரம் போதவில்லை என்றால் நம்ம கேள்வியை வெட்டுங்கள், அந்த 100 பிரேமைத் தொடாதீர்கள்.