ஜிரையா (1921): ஆள் தேரையாவது எப்படி?

கேள்வி: ஷோசோ மகினோ இயக்கத்தில் மட்சுனோசுகே நடித்த ஜப்பானிய மௌனப் படம். இப்போது கிடைப்பது சுமார் 20 நிமிடம். புகை எழுந்ததும் ஆள் இருந்த இடத்தில் ராட்சதத் தேரை நிற்கிறது. இது வெறும் வெட்டு ஒட்டுதானா? எல்லோரும் துள்ளித் துள்ளி ஓடுவது பிரதியின் கோளாறா? கதையும் பிடிபடவில்லை.

பதில் 1: கேமராவை நிறுத்தி ஆளை மாற்றுவதுதான். முக்காலி இம்மியும் அசையக் கூடாது, மற்ற நடிகர்கள் சிலையாக நிற்க வேண்டும். கேமராவைச் சுற்றும் கைப்பிடி நிற்கும்போதும் மறுபடி சுற்றும்போதும் வேகம் குறைவதால் சில ஃப்ரேம்களில் ஒளி கூடுதலாகப் பதியும். அவற்றை வெட்டி எறிந்துவிட்டுத்தான் ஒட்ட வேண்டும். விட்டுவைத்தால் திரையில் பளிச்சென்று அடிக்கும். ஆட்களை உறையச் சொல்லலாம், புகையைச் சொல்ல முடியுமா? அதனால் புகை ஆளை முழுதாக மூடிய பிறகு நிறுத்துவது நல்லது. வெளிப்புறக் காட்சியென்றால் இலைகளையும் நிழலையும் கவனியுங்கள். ஒட்டு இருக்கும் இடத்தில் குதிக்கும்.

பதில் 2: வேகத்துக்குக் காரணம் பெரும்பாலும் ஓட்டும் முறை: மெதுவாகச் சுற்றி எடுத்ததை வேகமாக ஓட்டுவது. 35 மி.மீ. படச்சுருளில் அடிக்கு 16 ஃப்ரேம். 1000 அடி, நொடிக்கு 16 வீதம் ஓடினால் 16 நிமிடம் 40 நொடி; 24 வீதம் ஓட்டினால் 11 நிமிடத்தைச் சற்றே தாண்டும். 24-இல் ஓடும் வீடியோவை 0.67 மடங்கு வேகத்தில் போட்டுப் பாருங்கள். நடிகர்களை வைத்து வேகத்தைக் கணிக்காதீர்கள், கபுகி என்ற ஜப்பானிய மேடை நாடகத்தின் அசைவு ஏமாற்றும். விழும் துணி, ஓடும் நீர், இவையே நம்பகமானவை. இன்னொன்று: கையால் சுற்றிய படத்தில் வேகம் காட்சிக்குக் காட்சி மாறும். ஒரே எண் முழுப் படத்துக்கும் பொருந்தாது.

பதில் 3: கதை பிடிபடாததில் வியப்பில்லை. அரங்கில் பென்ஷி என்ற கதைசொல்லி திரையருகே நின்று சொல்லிக்கொண்டே போவார், எழுத்து அட்டைக்குத் தேவை குறைவு. பார்க்க வந்தவர்களுக்கும் இது பழகிய கதை: 1839 முதல் 1868 வரை பல கைகள் மாறி வந்த படக்கதை நூல், இடையில் கபுகியிலும் ஏறியது. இதை மட்டும் மனத்தில் வையுங்கள்: பாம்பு தேரையை விழுங்கும், தேரை நத்தையினத்து ஓடில்லாப் பூச்சியைத் தின்னும், அந்தப் பூச்சி பாம்பைக் கரைக்கும். கதை மாந்தரில் ஜிரையா தேரை, ஒரோச்சிமாரு பாம்பு, சுனாதே என்ற பெண் மூன்றாவது. நருட்டோ அனிமே தொடர் பார்த்தவர்களுக்கு இந்தப் பெயர்கள் தெரிந்திருக்கும், அங்கே போனது இங்கிருந்துதான். சுனாதே ஆண்போலத் தெரிந்தால் குழம்ப வேண்டாம், அன்று ஸ்திரீபார்ட் ஆண்கள்தான்.