கண்ணுக்குக் கீழே ஓர் எலும்புவழி: கால்வாயா, புழையா?

பினாங்கு பல் மருத்துவர்:
வணக்கம். வெள்ளிக்கிழமை நோயாளிகளுக்கான துண்டறிக்கை அச்சுக்குப் போகிறது. அதற்கும் மாணவர் கையேட்டுக்கும், மேல்முன்பல் பிடுங்குமுன் ஊசி போடும் இடத்துக்குப் பெயர் வேண்டும். கண்குழியின் தரையில் முதலில் ஒரு நீள்பள்ளம். முன்னே வர வர அது மூடிக்கொண்டு மேல்தாடை எலும்புக்குள் ஓடி, கண்குழி விளிம்புக்குக் கீழே, 1 செ.மீ.க்குள், முகத்தில் துளையாகத் திறக்கிறது. அதில் வரும் நரம்புதான் கீழிமைக்கும் மூக்கின் பக்கத்துக்கும் மேலுதட்டுக்கும் உணர்வு தருகிறது. ‘கண்குழிக்கீழ்க் கால்வாய்’ சரியா?

கோலாலம்பூர், ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:
கால்வாய் வேண்டாம் டாக்டர். பிள்ளைகளுக்கு வாசல் சாக்கடை, அந்த லொங்காங்தான் நினைவுக்கு வரும். புழை என்க. தும்பிக்கையைப் புழைக்கை என்றவர்கள் நாம். மண்குடம் மட்குடம் ஆவதுபோல் கண்குழி கட்குழி ஆகும்: ‘கட்குழிக்கீழ்ப் புழை’.

செந்தூல் மொழிபெயர்ப்பாளர்:
ஐயா, கள்ளும் குழியும் சேர்ந்தாலும் கட்குழிதானே! தோட்டத்துக் கள்ளுக்கடையைப் பார்த்து வளர்ந்த என் அப்பா, முகத்தில் ஏதடா கள்ளுக்குழி என்பார். ‘கண்குழிக் குழல்’ போதாதா?

மருத்துவர்:
குழல் என்றால் தனியே கழற்றி எடுக்கலாம் போல இருக்கிறது. இது எலும்பிலேயே உள்ள குடைவு.

பட்டர்வொர்த் பொறியாளர்:
அப்படியானால் தூம்பு. ஏரிக்கரையைத் துளைத்துத் தண்ணீர் விடும் மதகுக்குக் கல்வெட்டுகளில் தூம்பு என்றே பெயர். மூங்கிலும் தூம்புதான், உள்ளே வெறுமை. பள்ளம், தூம்பு, துளை என்று மூன்று உறுப்புக்கும் மூன்று சொல் கிடைத்துவிட்டது. புழையும் துளையும் ஒன்றே. பிறகு திறக்கும் வாயை என்னவென்பீர்கள்?

ஆசிரியர்:
வாயை வாய் என்போம். தூம்பை இன்று யார் அறிவார்?

பொறியாளர்:
புழையை மட்டும் யார் அறிவார் ஐயா? மலையாளத்தில் புழ என்றால் ஆறு. என் பக்கத்து வீட்டு மலையாளி அம்மா, கண்ணுக்குக் கீழே ஆறா என்று சிரிக்கிறார்.

ஆசிரியர்:
அழுதால் ஆறுதானே!

மொழிபெயர்ப்பாளர்:
நோயாளி கேட்கப்போவது ஒன்றுதான்: உதடு எவ்வளவு நேரம் கெபாஸா இருக்கும்?

மருத்துவர்:
மரத்துப்போகும் என்றே எழுதியிருக்கிறேன். ஊசி போவது துளை வாயருகில். ஆகவே அறிக்கையில் ‘கண்ணுக்குக் கீழுள்ள எலும்புத்துளை’ போதும். மாணவர் கையேட்டுக்குக் ‘கண்குழிக்கீழ்ப் புழை’. மூவர் சம்மதம், ஆசிரியர் டகரத்தை விட்டுக்கொடுத்ததால். பள்ளத்துக்குப் பெயர் அடுத்த வாரம்.

பொறியாளர்:
என் வாக்கு தூம்புக்கே. கையேட்டில் அடைப்புக்குறிக்குள்ளாவது போடுங்கள்.