டெல்டாவுல குடிதண்ணிக்கு உரிமை கேக்கறது ஓவரா?

கும்பகோணம் டிகிரி:
நாலு நாளா இங்க குடிதண்ணி மனித உரிமைன்னு ஒரே கூப்பாடு. காவேரிக் கரையில உக்காந்துக்கிட்டு தண்ணிக்கு உரிமை கேக்கறது, பந்தியில இலை போட்டப்பறம் பசிக்குதுன்னு அழுவுற கதை. போர் போடு, மோட்டர் போடு, குடி. உப்பா இருக்குன்னா? ஐஎஸ் 10500னு குடிதண்ணிக்கு இந்தியத் தரக் கணக்கு ஒன்னு இருக்கு, அதுல டிடிஎஸ், அதான் தண்ணியில கரைஞ்சு கிடக்கற உப்பு வகையறா மொத்தமும், லிட்டருக்கு 2000 மில்லிகிராம் வரைக்கும் குடிக்கலாம்னு போட்டிருக்கான். படிச்சுட்டு வந்து பேசுங்கப்பா.

வேதாரண்யம் உப்பு:
வாங்க டிகிரி சார், உங்களத்தான் காணோமேன்னு பாத்தேன். எங்கூட்டு போர் தண்ணி இன்னிக்கு காலையில மீட்டர்ல 1840 காட்டுச்சு, உங்க கணக்குல அது அமிர்தம், ஆனா சுடுதண்ணி வைக்கிற சட்டி அடியில வெள்ளையா ஓடு மாதிரி படிஞ்சு கிடக்கு, கத்தி வச்சு சுரண்டினாத்தான் பேருது, அந்தத் தண்ணியில பருப்பும் வேகாது, உங்க பருப்பும் வேகாது. ஐஎஸ் 10500ல முதல்ல போட்டிருக்கறது 500. அதுக்குப் பக்கத்துலதான் 2000, அதுவும் வேற தண்ணி கிடைக்காத பட்சத்துலன்னு. அந்த வரிய மட்டும் காபியில கரைச்சுக் குடிச்சுட்டீங்களா?

கும்பகோணம் டிகிரி:
2000ன்னு இருக்கா இல்லையா? அதச் சொல்லுங்க.

வேதாரண்யம் உப்பு:
இருக்கு. வேற வழி இல்லைன்னா.

கும்பகோணம் டிகிரி:
இருக்குன்னு ஒத்துக்கிட்டாரு. அவ்ளோதான் மேட்டர்.

நீடாமங்கலம் தம்பி:
அண்ணே ரெண்டு பேரும் கொஞ்சம் நில்லுங்க. உரிமைன்னா என்னன்னே யாரும் பேசலியே. 2010 ஜூலை 28ல ஐநா பொதுச்சபையில தீர்மானம் போட்டாங்க, பொலிவியா கொண்டுவந்தது, 122 நாடு ஆதரவு, எதிர்ப்பு ஒன்னு கூட இல்ல, 41 நாடு ஓட்டு போடாம நழுவிடுச்சு. தண்ணி போதுமான அளவுல இருக்கணும், சுத்தமா இருக்கணும், கைக்கெட்டுற தூரத்துல, கைக்கெட்டுற விலையில இருக்கணும், இதான் உரிமைங்கறது. ஓசியா குடுன்னு அர்த்தமில்ல.

கும்பகோணம் டிகிரி:
அந்த நழுவின 41ல நம்மாளும் ஒருத்தன்தான் தம்பி.

நீடாமங்கலம் தம்பி:
இல்லண்ணே, இந்தியா ஆதரிச்சு ஓட்டு போட்டுச்சு. நழுவினது அமெரிக்கா, இங்கிலாந்து, கனடா எல்லாம். நம்ம சுப்ரீம் கோர்ட்டே 1991ல சுபாஷ் குமார் வழக்குல, மாசில்லாத தண்ணியும் காத்தும் அரசியல் சட்டம் 21வது பிரிவுல வர்ற உயிர் வாழுற உரிமைக்குள்ள அடக்கம்னு சொல்லிடுச்சு.

கும்பகோணம் டிகிரி:
சரி சரி. அந்தத் தீர்மானத்துல டிடிஎஸ் 2000 கூடாதுன்னு இருக்கா?

வேதாரண்யம் உப்பு:
பாத்தியா தம்பி, இவர்ட்ட போய் ஐநா பேசற. போன தடவ கோடியக்கரை ஆமை விஷயத்துல நான் சொன்னதுதான் சரின்னு ஆனப்பறம் ரெண்டு மாசம் ஆளையே காணோம்.

கும்பகோணம் டிகிரி:
ஆமை மேட்டர இங்க ஏன்யா இழுக்கற? மீட்டர் என்ன விலை? பேனா மாதிரி இருக்குமே, அதானே? அத வச்சு 1840ன்னு ஆராய்ச்சியா?

வேதாரண்யம் உப்பு:
மீட்டர நம்பாட்டி நாக்க நம்புங்க, பஸ் ஏறி வாங்க, ஒரு டம்ளர் தரேன், சீரகம் போட்டே தரேன்.

கும்பகோணம் டிகிரி:
காய்ச்சிக் குடிச்சா முடிஞ்சுது. எங்க ஆத்தா அப்படித்தான் எங்கள வளத்துச்சு.

வேதாரண்யம் உப்பு:
உப்பளத்துக்காரன்ட்ட வந்து காய்ச்சிக் குடின்னு சொல்றீங்க பாருங்க. காய்ச்சினா கிருமி சாகும், உப்பு சாகுமா? தண்ணி சுண்டச் சுண்ட உப்பு ஏறத்தான் செய்யும், பாத்தியில கடத்தண்ணிய கட்டி வெயில்ல விட்டு நாங்க உப்பு எடுக்கறதே அப்படித்தானே! 1930ல ராஜாஜி திருச்சியில இருந்து நடந்து வந்து இங்க உப்பு அள்ளினாரு, அன்னிக்கு உப்புக்கு உரிமை கேட்ட ஊரு, இன்னிக்கு உப்பில்லாத தண்ணிக்கு உரிமை கேக்குது, இதுல உங்களுக்கு என்ன எரியுது? 2018 நவம்பர் 16 கஜா புயல் அடிச்சப்ப கரண்ட் இல்ல, மோட்டர் ஓடல, தெருவுல ஜெனரேட்டர் வாடகைக்குப் புடிச்சு டேங்க் ஏத்தினோம், லாரி வந்தா ஒரு வீட்டுக்கு ரெண்டு குடம், அன்னிக்கு எம் மவ மூணாங்குடத்த இடுப்புல வச்சுக்கிட்டு வரிசையில நின்னா, பின்னாடி நின்ன பொம்பள சண்டைக்கு வந்துடுச்சு. அப்ப தெரியும் உரிமைன்னா என்னன்னு. நீங்க மகாமகக் குளத்துப் படியில நின்னுக்கிட்டு 2000, 2000ன்னு ஏலம் போடுறீங்க.

கும்பகோணம் டிகிரி:
மகாமகத்த இழுக்காதீங்க, நல்லால்ல சொல்லிட்டேன். புயல் எல்லாருக்கும்தான் அடிச்சுது. அதுவுமில்லாம உங்களுக்குத்தான் கொள்ளிடம் கூட்டுக் குடிநீர் வருதே, அதக் குடிக்க வேண்டியதுதானே?

வேதாரண்யம் உப்பு:
ஆங், இதுக்குத்தான் காத்துக்கிட்டிருந்தேன். கூட்டுக் குடிநீர் வருதுன்னா வேற தண்ணி இருக்குன்னு அர்த்தம், அப்ப 2000 பேச்சே கிடையாது, 500தான். வேற தண்ணி இல்லைன்னாத்தான் 2000. ரெண்டையும் ஒரே வாயால சொல்றீங்களே, எது சார் உங்க கட்சி?

கும்பகோணம் டிகிரி:
வக்கீல் மாதிரி பேசாதீங்க.

கொள்ளிடக்கரை:
எங்க ஆத்துப் பேரு அடிபடுதேன்னு எட்டிப் பாத்தேன். உங்க எல்லாருக்கும் குடிக்க எங்க ஆத்துலதான் கிணறு இறக்குறாங்க, மணலும் எங்க ஆத்துலதான் அள்ளுறாங்க. எங்கூர்க் கைபம்பு இப்ப நாப்பது அடி அடிச்சாத்தான் ஒரு சொம்பு தண்ணி. எங்களுக்கு எந்த ஐநா?

வேதாரண்யம் உப்பு:
மணல் அள்ளுறவன்ட்ட கேளுங்கண்ணே, குடிக்கிறவன்ட்ட ஏன் கேக்கறீங்க?

கொள்ளிடக்கரை:
2018 ஆகஸ்ட்ல முக்கொம்பு மேலணையில மதகு உடைஞ்சு அவ்ளோ தண்ணியும் கடலுக்குப் போச்சே, அப்ப எங்க இருந்தீங்க எல்லாரும்?

கும்பகோணம் டிகிரி:
அதச் சொல்லுங்கண்ணே! தண்ணி இருக்கு, சேத்து வைக்கத் தெரியல. இதுல உரிமை எங்க வந்துச்சு?

கொள்ளிடக்கரை:
யோவ் நான் ஒன்னும் உன் கட்சி இல்ல.

மன்னார்குடி மாப்ள:
டிடிஎஸ் டிடிஎஸ்னு அடிச்சுக்கறீங்களே, கிருமிக்கும் டிடிஎஸ்ஸுக்கும் சம்பந்தமே கிடையாது. 100 மில்லி தண்ணியில கோலிஃபார்ம்ங்கற கிருமி ஒன்னு கூட இருக்கக் கூடாதுங்கறதும் அதே ஐஎஸ்லதான் இருக்கு. எங்க தெருவுல குழாய்க்குப் பக்கத்துலயே சாக்கடை, 300 டிடிஎஸ் தண்ணி குடிச்சே போன வருஷம் புள்ளைக்கு வாந்தி பேதி. இப்ப கேன் வாங்குறோம், ஒன்னு 35 ரூவா, மாசம் 20 கேன், 700 ரூவா. வாங்க முடியாத வீட்டுல என்ன பண்ணுவாங்க?

கும்பகோணம் டிகிரி:
மன்னார்குடியில சாக்கடை சரியில்லன்னா அது மன்னார்குடிக்காரன் தப்பு. நம்ம பேச்சு 2000.

மன்னார்குடி மாப்ள:
உங்க ஊரு காபிக்கு பேரு வந்ததே பாலால, தண்ணியால இல்ல, அதயும் சொல்லிப்புடறேன்.

கும்பகோணம் டிகிரி:
காபியத் தொட்டீங்கன்னா நடக்கறதே வேற. பால்ல தண்ணி கலக்காம போடறதுதான்யா டிகிரி காபி, அதனாலதான்...

வேதாரண்யம் உப்பு:
அப்ப தண்ணி கலக்காதவர்தான் தண்ணியப் பத்தி பாடம் எடுக்கறாரா? நல்லாருக்கு.

நீடாமங்கலம் தம்பி:
அண்ணே கிராமத்து வீடுகளுக்குக் குழாய்த் தண்ணி குடுக்கற ஜல் ஜீவன் திட்டத்துல ஆளுக்கு ஒரு நாளைக்கு 55 லிட்டர்னு கணக்கு வச்சிருக்காங்க, அது நம்ம ஊர்கள்ல வருதா இல்லையான்னு பேசுவமா?

கும்பகோணம் டிகிரி:
தம்பி நீ இரு. உப்பு, பதில் சொல்லுங்க. 2000ன்னு இருக்கா இல்லையா?

வேதாரண்யம் உப்பு:
500ன்னு இருக்கா இல்லையா?

கும்பகோணம் டிகிரி:
நான்தான் முதல்ல கேட்டேன்.

வேதாரண்யம் உப்பு:
குழாய்ல காத்து சீறுது, தண்ணி வரப்போவுது, குடம் வைக்கப் போறேன். நேத்து இப்படித்தான் உங்களோட மல்லுக்கட்டிக்கிட்டு நின்னதுல ரெண்டு குடம் போச்சு, வீட்டுல இன்னும் பேசல. ஓடிடாதீங்க, வரேன்.

கும்பகோணம் டிகிரி:
ஓடினது யாருன்னு எல்லாரும் பாத்துக்குங்க. 2000.